கல்நெஞ்சக்காரன் பாடுவானா: ஒரு ஜெர்மன் மியூசிக்கலுக்கு நான்கு பழங்கதைகள்

ஜெர்மனியில் இசையமைப்பாளராக இருக்கும் நண்பர் ஒருவர் போன குளிர்காலத்தில் ஒரு கேள்வியோடு வந்தார். அவர் வேலை பார்க்கும் ஊரின் நாடக அரங்கம் புதிதாக ஒரு மியூசிக்கல், அதாவது பாட்டும் வசனமும் சேர்ந்து கதை சொல்லும் நாடகம், போட நினைக்கிறது. ஜெர்மன்காரர்கள் எல்லோருக்கும் பேராவது தெரிந்த கதையாக இருக்க வேண்டும். பாட்டும் வசனமும் மொழிபெயர்ப்பாக இல்லாமல் ஜெர்மனிலேயே எழுதப்பட வேண்டும். அவர் நான்கு கதைகளைக் குறித்து வைத்திருந்தார். யோஹானா ஷ்பீரியின் 'ஹைடி', ஃப்ரீட்ரிஷ் டூரன்மாட்டின் 'முதிய சீமாட்டியின் வருகை', தியோடோர் ஷ்டோர்மின் 'வெள்ளைக்குதிரைக்காரன்', வில்ஹெல்ம் ஹவுஃபின் 'குளிர்ந்த இதயம்'.

"இதில் பாதியை நாங்கள் பள்ளிக்கூடத்தில் பரீட்சைக்காகப் படித்தோம். அந்தக் கசப்பு இன்னும் போகவில்லை. நீங்கள் வெளியிலிருந்து வந்து ஆசைப்பட்டுப் படித்தவர், நீங்கள் சொல்லுங்கள்" என்றார்.

என் ஓட்டு ஹவுஃபுக்கு. ஆனால் மற்ற மூன்றையும் ஏன் தள்ளினேன் என்று சொல்லாமல் அதைச் சொன்னால் எடுபடாது.

முதலில் அளவுகோல். ஜெர்மன் மொழியில் எழுதப்பட்டு உலகம் சுற்றிய மியூசிக்கல்களில் முன்னால் நிற்பது 'எலிசபெத்'. 1992 செப்டம்பரில் வியன்னாவின் தியேட்டர் ஆன் டேர் வீன் அரங்கில் ஹாரி குப்ஃபர் இயக்கத்தில் வந்தது. எழுத்து மிஷாயேல் குன்ட்சே, இசை சில்வெஸ்டர் லெவாய். ஆஸ்திரியப் பேரரசியின் வாழ்க்கை வியன்னாவில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். சாக்லேட் டப்பாவில்கூட அவள் முகம் இருக்கும். குன்ட்சே செய்தது என்னவென்றால், அவளுக்குள் இருந்த சாவின் மீதான ஈர்ப்பை வெளியே எடுத்து ஓர் அழகான இளைஞனாக மேடையில் நிறுத்தினார். சாவு அவளைக் காதலிக்கிறது, டூயட் பாடுகிறது. 1898இல் ஜெனீவாவில் அவளைக் குத்திக் கொன்ற லுக்கேனியே கதைசொல்லி. இது எந்த வரலாற்றுப் புத்தகத்திலும் இல்லை. ஆனால் இது இல்லாவிட்டால் அந்த நாடகமே இல்லை. 1996இல் ஜப்பானின் தக்கராசுக்கா குழு இதை எடுத்துப் போட்டது. அங்கே அது நிரந்தரமாகத் தங்கிவிட்டது.

அதே இருவர் 2006இல் வியன்னாவின் ரைமுண்ட் தியேட்டருக்காக 'ரெபெக்கா'வைச் செய்தார்கள். அதில் ரெபெக்கா செத்துப்போனவள், மேடைக்கு வருவதே இல்லை. வீட்டு நிர்வாகி மிஸஸ் டான்வர்ஸ் அவள் பெயரைச் சொல்லிப் பாடுவதில்தான் அவள் இருக்கிறாள். பார்த்துவிட்டு வெளியே வருகிறவர்கள் முணுமுணுப்பது அந்தப் பாட்டைத்தான்.

ஆக நான் நான்கு கதைகளிடமும் கேட்டது ஒன்றுதான். கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒன்று இதில் வாயைத் திறந்து பாடக் காத்திருக்கிறதா?

ஹைடியைச் சீக்கிரம் முடித்துவிடலாம். 1880, 1881ஆம் ஆண்டுகளில் வந்த இரண்டு பாகங்கள். ஷ்பீரி 1901இல் இறந்தார், உரிமைத் தொல்லை கிடையாது. ஃப்ராங்க்ஃபர்ட்டில் பணக்கார வீட்டில் அடைபட்ட சிறுமி, மலை ஏக்கத்தில் தூக்கத்தில் எழுந்து நடக்கிறாள். வீட்டுக்காரர்கள் பேய் என்று நடுங்குகிறார்கள். அந்த ஒரு காட்சிக்கு எந்த இசையமைப்பாளரும் நாக்கில் நீர் ஊறி நிற்பார். ஆனால் ஜெர்மன்காரர்கள் தலையில் ஏற்கெனவே ஒரு ஹைடி பாட்டு ஓடிக்கொண்டிருக்கிறது. 1974இல் ஜப்பானியர் எடுத்த அனிமேஷன் தொடர் ஜெர்மன் தொலைக்காட்சிக்கு வந்தபோது சேர்த்த தொடக்கப் பாட்டு அது. நண்பர் எவ்வளவு நன்றாக எழுதினாலும் இரண்டாவது பாட்டுதான். மேலும் ஸ்விட்சர்லாந்தின் வாலன்ஷ்டாட்டில் ஏரிக்கரையிலேயே 2005இல் ஹைடி மியூசிக்கல் போட்டுவிட்டார்கள். நிஜ மலையைப் பின்னால் வைத்துப் போட்டதோடு, அட்டை மலை வைத்திருக்கும் உள்ளூர் அரங்கம் போட்டி போட முடியாது. குழந்தை நடிகை விஷயம் வேறு. ஜெர்மன் சட்டப்படி அனுமதி வாங்க வேண்டும், நாளுக்கு இத்தனை மணி நேரம்தான் என்ற கட்டுப்பாடு உண்டு. எனவே ஒரு ஹைடி போதாது, மாற்றி மாற்றி ஆட மூன்று நான்கு ஹைடிகளைத் தயார் செய்ய வேண்டும். வேண்டாம்.

டூரன்மாட் விஷயம் இதற்கு நேர்மாறு. கதை அற்புதம், கை வைத்தால் சுடும். 1956 ஜனவரியில் சூரிச்சில் முதல் மேடையேற்றம். நொடித்துப்போன குல்லன் என்ற சிற்றூருக்கு கிளேர் ஸகானாஸியன் என்ற உலகப் பெரும் பணக்காரி திரும்பி வருகிறாள். இளமையில் அவளைக் கெடுத்துக் கைவிட்ட ஆல்ஃப்ரெட் இல் என்பவனைக் கொன்றால் ஊருக்கு நூறு கோடி தருவதாகச் சொல்கிறாள். ஊர் முதலில் ஆத்திரப்படுகிறது. அப்புறம் ஒவ்வொருவர் காலிலும் புது மஞ்சள் ஷூ வருகிறது, எல்லாம் கடனில் வாங்கியது. யாரும் எதையும் சொல்லவில்லை, ஷூ சொல்லிவிடுகிறது. அந்த ஷூக்களின் சத்தத்தை வைத்தே ஒரு கோரஸ் பாட்டுக் கட்டலாம். நாடகத்தின் முடிவில் டூரன்மாட்டே கிரேக்கத் துன்பியல் பாணியில் ஊராரைக் கோரஸாகப் பேசவிடுகிறார். ஆக இசைக்கான இடத்தை அவரே வரைந்து வைத்திருக்கிறார்.

சிக்கல் இரண்டு. டூரன்மாட் இறந்தது 1990இல். எழுத்தாளர் இறந்து எழுபது ஆண்டு என்ற கணக்கில் 2060 முடியும்வரை உரிமை காப்பில் இருக்கிறது. மேடை உரிமையை ஜெர்மன்காரர்கள் 'பெரிய உரிமை' என்பார்கள். வானொலியில் பாட்டுப் போட வசூலிக்கும் சங்கத்திடம் இது கிடைக்காது, பதிப்பகத்தோடு நேரடியாகப் பேசித்தான் வாங்க வேண்டும். பதிப்பகம் ஏற்கெனவே கொடுத்தும்விட்டது. 1971இல் காட்ஃப்ரீட் ஃபான் ஐனெம் இதை ஓபராவாக்கினார். அமெரிக்காவில் இசையமைப்பாளர் காண்டர், பாடலாசிரியர் எப் இருவரும் மியூசிக்கலாக்கினார்கள். 2013இல் தூன் ஏரி மேடையிலும் மறுவருடம் வியன்னாவின் ரோனாஹர் அரங்கிலும் ஜெர்மன் மியூசிக்கல் வந்தது. நான்காவதாக ஒரு உள்ளூர் அரங்கம் போய்க் கதவைத் தட்டினால் என்ன பதில் வரும் என்று ஊகிக்கலாம்.

இரண்டாவது சிக்கல்தான் எனக்கு முக்கியம். டூரன்மாட் அதற்கு வைத்த அடைமொழி 'துன்பியல் நகைச்சுவை'. அந்தச் சிரிப்பு ஐஸ் மாதிரி. கிளேரை அழவைத்தால் கதை உருகிவிடும். பாட்டு என்பதோ சூடேற்றும் சாமான். நாற்பத்தைந்து வருடப் பழைய காதலை ஒரு நல்ல மெட்டில் பாடவைத்தால் பார்வையாளர் அவளுக்காக ஏங்க ஆரம்பித்துவிடுவார். அப்புறம் ஊர்க்காரன் போடும் மஞ்சள் ஷூவை யார் கவனிப்பார்கள்? நல்ல நாடகத்தைக் கொஞ்சம் இளக்கித்தான் மியூசிக்கலாக்க முடியும் என்றால், நான் நாடகத்தையே பார்த்துக்கொள்கிறேன்.

ஷ்டோர்மின் கதை நான்கில் இலக்கியமாக மிக உயர்ந்தது. 1888இல் அவர் சாவதற்குச் சில மாதங்களுக்கு முன் வெளியானது. வட கடலோரம், ஃப்ரீஸியச் சதுப்பு நிலம். ஹௌக்கே ஹையன் என்ற ஏழைப் பையன் கணக்குப் போட்டே முன்னேறி, கடலணையைக் காக்கும் தலைவன் ஆகிறான். கடல் பக்கம் சாய்வாக இறங்கும் புதுவகை அணையைக் கட்டுகிறான். அணை நிற்க வேண்டுமானால் உயிருள்ள ஏதாவது ஒன்றை அதற்குள் புதைக்க வேண்டும் என்று கூலிகள் ஒரு நாய்க்குட்டியைத் தூக்கிப் போட, இவன் குதித்துக் காப்பாற்றுகிறான். கடைசியில் புயல் வெள்ளத்தில் மனைவியும் மகளும் கண்முன்னே போக, வெள்ளைக் குதிரையோடு உடைப்புக்குள் பாய்கிறான்.

நண்பருக்கு இதன் மேல்தான் கண். கடல் இருக்கிறது, புயல் இருக்கிறது, பேய்க்குதிரை இருக்கிறது என்றார். உண்மைதான். ஆனால் ஹௌக்கே பாடுகிற ஆள் இல்லை. அவன் வாழ்நாள் முழுக்க மூடநம்பிக்கைக்கு எதிராகக் கணக்கை வைத்து நின்றவன். பேச வேண்டிய இடத்திலேயே பேசாதவன். மனைவி எல்கேயிடம் அவன் காட்டும் அன்பு அரை வாக்கியத்தில் முடிந்துவிடும். அந்த அரை வாக்கியத்தை மூன்று நிமிடப் பாட்டாக இழுத்தால் எல்கேயே நம்ப மாட்டாள். பாடுவதெல்லாம் கடலும் ஊராரும்தான். அப்படியானால் அது மியூசிக்கல் இல்லை, பெரிய கோரஸும் ஆர்கெஸ்ட்ராவும் வைத்து நின்றபடி பாடும் ஓரட்டோரியோ. தேவாலயத்தில் அருமையாக இருக்கும். நண்பரின் முகம் சுருங்கியது. ஆனால் மறுக்கவில்லை.

இந்த இடத்தில் மொழியைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். தமிழில் யோசிக்கிற எனக்கு இது எப்போதும் வேடிக்கை. ஜெர்மனில் துணைவாக்கியத்தின் வினைச்சொல் கடைசியில் போய் உட்காரும், நம்மூர் வாக்கியம் மாதிரியே. பாட்டெழுத இது வசதி. கேட்பவன் வரி முடியும்வரை காத்திருப்பான், வினையும் இயைபும் ஒன்றாக வந்து விழும். ஆனால் பெரும்பாலான வினைகள் 'அன்' போன்ற தளர்ந்த ஓசையில் முடியும். ஸிங்கன், ஷ்ப்ரிங்கன், லேபன், கேபன். அழுத்தம் கடைசிக்கு முந்தைய அசையில், வரி சற்றே மூச்சு விட்டு முடிகிறது. ஆங்கில மியூசிக்கல் பாட்டுகள் பெரும்பாலும் அழுத்தமான ஒற்றை அசையில் டப்பென்று முடிபவை. அந்த மெட்டுக்கு ஜெர்மன் சொல் தேடுவது, வேறொருவர் அளவுக்குத் தைத்த சட்டைக்குள் நுழைவது மாதிரி. ஆகவே நேரடியாக ஜெர்மனில் எழுத வேண்டும் என்று அந்த அரங்கம் போட்ட நிபந்தனையை நான் பிடிவாதம் என்று சொல்ல மாட்டேன். மெட்டே வேறு மாதிரி பிறக்கும்.

இனி ஹவுஃப். 1827 நவம்பரில் இருபத்தைந்து வயது நிறைவதற்குள் இறந்துபோனவர். 'குளிர்ந்த இதயம்' 1828ஆம் ஆண்டுக்கான அவருடைய கதை மலரில் வந்தது. இடம் ஜெர்மனியின் கருங்காடு என்ற மலைக்காட்டுப் பகுதி. அங்கே இரண்டு தொழில்காரர்கள் எதிரெதிராக இருந்தார்கள் என்று தொடங்குகிறார். ஒரு பக்கம் கண்ணாடி ஊதுபவர்கள், இன்னொரு பக்கம் மரம் வெட்டித் தெப்பமாகக் கட்டி ரைன் நதி வழியே ஹாலந்து வரை மிதக்க விடுபவர்கள். ஒவ்வொரு தொழிலுக்கும் ஒரு காட்டு ஆவி. குள்ளமான கண்ணாடி மனிதர், நல்லவர். ராட்சதனான ஹாலந்து மிஷேல், கெட்டவன். கரி சுடும் ஏழை பேத்தர் முங்க் பணக்காரன் ஆக ஆசைப்பட்டு முதலில் குள்ளரிடம் வரம் வாங்கிக் கெடுத்துக்கொள்கிறான். பிறகு மிஷேலிடம் ஒரு லட்சம் குல்டனுக்கு இதயத்தையே கழற்றிக் கொடுத்துவிட்டு, மார்புக்குள் ஒரு கல்லை வாங்கிக்கொள்கிறான்.

'கல்நெஞ்சக்காரன்' என்று நம்மூரில் திட்டுவோம் இல்லையா, இங்கே அது வெறும் வசவு இல்லை. கொடுக்கல் வாங்கலில் நிஜமாகவே கைமாறுகிறது.

இதில் இசை ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. குள்ளரை வரவழைக்க நான்கு வரி மந்திரப் பாட்டு ஒன்று உண்டு. பேத்தருக்கு மூன்று வரிதான் ஞாபகம் இருக்கிறது, கடைசி வரி மறந்துவிட்டது. காட்டில் நின்று மூன்று வரியைச் சொன்னால் மரத்துக்குப் பின்னால் ஒரு சிறிய உருவம் எட்டிப் பார்த்து மறைந்துவிடுகிறது. பிறகொரு நாள் சாலையில் போகும் மூன்று வாலிபர்கள் பாடிக்கொண்டு போவதைக் கேட்கிறான். அவர்கள் பாட்டில் 'பார்த்தல்' என்ற சொல் வருகிறது, தன்னுடைய மூன்றாவது வரியின் 'நிற்றல்' என்ற சொல்லுக்கு அதுதான் இயைபு என்று மின்னலடிக்கிறது. ஓடிப்போய் ஒருவனைப் பிடித்து நிறுத்துகிறான். உதைக்கிறார்கள். உதை வாங்கி முடித்தபின், அடித்ததுதான் அடித்துவிட்டீர்கள், அந்தப் பாட்டை ஒருதரம் தெளிவாகச் சொல்லிவிடுங்கள் என்று மரியாதையாகக் கேட்கிறான்.

நண்பர் என் சமையலறை மேஜையில் விரலால் தாளம் போட்டு அந்த மூன்று வரியைச் சொல்லிப் பார்த்தார். மூன்றாவது வரி முடிந்ததும் விரல் நின்றது. மறுபடி தொடக்கத்திலிருந்து. மறுபடி அதே இடத்தில் நின்றது. நான்காவது முறை அவரே சிரித்துவிட்டார். முதல் பாகம் முழுக்க முடியாமல் நிற்கும் ஒரு மெட்டு, ஒரு இசையமைப்பாளனுக்கு இதைவிட என்ன வேண்டும்?

அதைவிடப் பெரியது இரண்டாம் பாகத்தில் இருக்கிறது. கல் இதயத்தோடு பேத்தர் இரண்டு வருடம் ஊர் சுற்றுகிறான். எதுவும் அவனை மகிழ்விக்கவில்லை, இசையும் நடனமும்கூட என்று ஹவுஃபே எழுதியிருக்கிறார். அப்படியானால் வழி தெளிவு. இதயம் போன நொடியிலிருந்து பேத்தர் பாடக் கூடாது. மற்றவர்கள் எல்லோரும் பாடுவார்கள், அவன் மட்டும் வறண்ட குரலில் பேசுவான். இடைவேளைக்கு முன் கடைசியாக அவன் பாட்டு பாதியில் அறுபட வேண்டும், கல் வைக்கப்படும் சொல்லின் நடுவில். சனிக்கிழமைதோறும் அவன் தாய் வாசலில் வந்து பிச்சைக்கு நிற்பாள், அவன் முணுமுணுத்துக்கொண்டே ஒரு காசைக் காகிதத்தில் சுற்றி வேலையாளிடம் கொடுத்தனுப்புவான் என்று கதையில் வருகிறது. கதவுக்கு வெளியே தாய் பாடுகிறாள், உள்ளே இவன் காசு எண்ணும் வசனம். அந்தக் காட்சிக்கு வேறு அலங்காரமே வேண்டாம். மிஷேல் வீட்டு அலமாரியில் ஊர்ப் பெரிய மனிதர்களின் இதயங்களெல்லாம் பெயர் ஒட்டிய கண்ணாடி ஜாடிகளில் துடித்துக்கொண்டிருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் ஒரு தாளம். தாளவாத்தியக்காரருக்கு அன்று கொண்டாட்டம்.

எலிசபெத்துக்காக குன்ட்சே புதிதாக உருவாக்கிச் சேர்த்ததை ஹவுஃப் இலவசமாகக் கொடுத்துவிட்டார் என்றுதான் சொல்வேன். பேத்தருக்குள் நடக்கும் போராட்டம் இரண்டு ஆவிகளாக வெளியே நிற்கிறது. கண்ணாடியின் ஓசை ஒருவனுக்கு, மரத்தின் ஓசை இன்னொருவனுக்கு.

ஒரு எச்சரிக்கை. ஜெர்மனில் இதயத்துக்கு 'ஹெர்ட்ஸ்'. அதற்குச் சட்டென்று வரும் இயைபு 'ஷ்மெர்ட்ஸ்', வலி. ஜெர்மன் பாட்டுலகில் இந்த ஜோடி அடிபட்டுத் தேய்ந்து கேலிச் சொல்லாகவே ஆகிவிட்டது. இதயத்தைப் பற்றிய மியூசிக்கலில் இரண்டு மணி நேரம் அதைத் தவிர்க்க வேண்டும். 'எர்ட்ஸ்' என்று ஒரு சொல் மிச்சம் இருக்கிறது, தாதுக்கல். கதைக்கும் பொருந்தும். அதைக் கடைசிவரை பத்திரமாக வைத்திருந்து ஒரே ஒருமுறை செலவழிக்கச் சொன்னேன்.

வடிவம் பற்றியும் பேச்சு வந்தது. தொடக்கம் முதல் முடிவு வரை இசை நிற்காமல் ஓடும் வியன்னா பாணியா, வசனம் பேசி நடுவில் பாட்டு வரும் பாணியா? 1928 ஆகஸ்டில் பெர்லினில் நாடகாசிரியர் ப்ரெஷ்ட், இசையமைப்பாளர் குர்ட் வைல் இருவரும் இருநூறு வருடப் பழைய ஆங்கில நாடகத்தை எடுத்து 'மூன்று காசு ஓபரா'வாக்கியபோது பாட்டையும் வசனத்தையும் வேண்டுமென்றே வெட்டிப் பிரித்தார்கள். பேத்தர் கதைக்கு இரண்டும் வேண்டும். முதல் பாகம் வியன்னா மாதிரி ஓடட்டும், இரண்டாம் பாகம் பெர்லின் மாதிரி அறுபடட்டும். பழைய ஹிட் பாட்டுகளைக் கோத்துக் கதை கட்டும் மூன்றாவது வழியைப் பற்றி நாங்கள் பேசவே இல்லை.

அரங்கமும் இதற்குப் பொருந்துகிறது. ஹாம்பர்க்கில் 2001இலிருந்து 'லயன் கிங்' ஓடுகிறதே, அந்த மாதிரி ஒரே நாடகத்தை வாரம் முழுக்க ஆடும் தனியார் அரங்குக்கு உலகப் புகழ் பெயர் வேண்டும். பேத்தர் முங்க் பெயருக்கு டூரிஸ்ட் பஸ் வராது. நகராட்சி அரங்கமோ மாதத்தில் நாலைந்து முறைதான் ஆடும். ஆர்கெஸ்ட்ராவும் ஓபரா கோரஸும் சம்பளத்தில் வீட்டிலேயே இருக்கின்றன. கூட்டம் பாட, ஒருவன் பாடாத கதைக்கு இதைவிடத் தோதான இடம் கிடையாது. நாயகனுக்கும் மிஷேலுக்கும் மட்டும் மியூசிக்கல் குரல்களை வெளியிலிருந்து கூப்பிட்டால் போதும். ஒரே பயம், ஜெர்மன் அரங்குகள் கிறிஸ்துமஸுக்கு முன் குழந்தைகளுக்காக ஒரு தேவதைக் கதை போடும் வழக்கம். நிர்வாகி இதை அந்த இடத்தில் செருகப் பார்ப்பார். இரண்டாம் பாகத்தில், ஒரு கிழவருக்கு மதுவும் ரொட்டியும் கொடுத்த குற்றத்துக்காக பேத்தர் தன் மனைவி லிஸ்பெத்தைச் சாட்டைக் கைப்பிடியால் அடித்துக் கொல்கிறான். ஆறு வயதுக் குழந்தைக்கு அது ஆகாது.

அங்கேதான் இன்னும் முட்டிக்கொண்டு நிற்கிறது. கதையில் பேத்தர் தந்திரமாக இதயத்தைத் திரும்ப வாங்குகிறான், குள்ளர் லிஸ்பெத்தை உயிரோடு கொண்டுவந்து நிறுத்துகிறார், எல்லாம் சுபம். 1827இல் சரி. 1999இல் டிஸ்னி நிறுவனமே 'நோத்ர் தாம் கூனனை' பெர்லினில் மேடையேற்றியபோது தன் படத்தில் பிழைத்த நாயகி எஸ்மெரால்டாவைச் சாகவிட்டது. ஜெர்மன் பார்வையாளர் கசப்பைத் தாங்குவார் என்று இதைத்தான் ஆதாரமாகக் காட்டினேன். என் யோசனை, லிஸ்பெத் வரட்டும். பேத்தருக்கு இதயம் வந்துவிட்டது, எனவே பாடுவான். அவள் பாட வேண்டாம். முதல் பாகத்தில் அவ்வளவு பாடியவள் இப்போது பேசட்டும், இரண்டே வாக்கியம், ஆர்கெஸ்ட்ரா நின்ற பிறகு.

போன வாரம் நண்பர் கூப்பிட்டார். அரங்கம் ஹவுஃபுக்குச் சம்மதித்துவிட்டது. ஆனால் கடைசியில் ஒரு டூயட் கட்டாயம் வேண்டுமாம்.